ஹாஃப்-லைஃப் 2: சிட்டி 17-இல் இது எந்த வருஷம்?

கன்னங்குறிச்சிக்காரன்:

வணக்கம். ஹாஃப்-லைஃப் 2 என்ற கம்ப்யூட்டர் ஆட்டத்தை இப்போதுதான் ஆடி முடித்தேன். அண்ணன் பெங்களூருக்கு வேலைக்குப் போகும்போது வீட்டில் விட்டுவிட்டுப் போன பழைய கம்ப்யூட்டரில் தடங்கலில்லாமல் ஓடியது. ராத்திரி எல்லாரும் தூங்கிய பிறகு ஹெட்போன் போட்டுக்கொண்டு ஆடினேன். கதை நடக்கும் சிட்டி 17 என்ற ஊரிலிருந்து இன்னும் வெளியே வரமுடியவில்லை.

என் மாமா பையன் ஏற்காட்டில் இருக்கிறான். அவன் இதை எப்போதோ முடித்தவன். கதை 2020-களில் நடக்கிறது என்று அடித்துச் சொல்கிறான். எனக்கு ஒத்துவரவில்லை. நெடுஞ்சாலை 17 வரும் கட்டத்தில் காரை ஓரமாக நிறுத்திவிட்டுக் கீழே இறங்கிப் பார்த்தேன். படகுத்துறை உயரத்தில் நிற்கிறது. அதன் காலடியில் மணல். படகுகள் சாய்ந்து கிடக்கின்றன. தண்ணீர் வெகு தூரம் தள்ளி இருக்கிறது. ஒரு கடல் அவ்வளவு இறங்க 20 வருஷம் போதுமா? நூறு வருஷமாவது ஆகியிருக்க வேண்டாமா?

ஆனால் எலை வான்ஸ், க்ளைனர், பார்னி எல்லாரும் முதல் ஆட்டத்தில் வரும் பிளாக் மேசா ஆய்வு மையத்தில், நாம் ஆடும் நாயகன் ஃப்ரீமனோடு வேலை பார்த்தவர்கள். அவர்கள் உயிரோடு இருக்கிறார்கள். அதனால் நூறு வருஷமும் சரிப்படவில்லை. ஃப்ரீமனை ஜி-மேன் என்ற மர்ம ஆள் இரண்டு ஆட்டத்துக்கும் நடுவில் தூங்கவைத்த மாதிரி இவர்களையும் எங்காவது வைத்திருந்தார்களா?

அப்புறம், சிட்டி 17 எந்த நாட்டில் இருக்கிறது? பலகைகளில் ரஷ்ய எழுத்து மாதிரி தெரிகிறது, ஆனால் எல்லாரும் அமெரிக்க ஆங்கிலம் பேசுகிறார்கள். ஆட்டத்துக்குள் இதற்கெல்லாம் எங்கே பதில் இருக்கிறது என்று தெரிந்தவர்கள் சொல்லுங்கள். இதன் தொடர்ச்சியான எபிசோட் ஒன், டூ இன்னும் ஆடவில்லை, அவற்றின் முடிவை மட்டும் உடைத்துவிடாதீர்கள்.

தட்டுவடைசெட்:

உங்கள் மாமா பையன் சொல்வதுதான் கிட்டத்தட்ட சரி. முதல் ஆட்டத்தின் கதை 2000-இலிருந்து 2009-க்குள் நடக்கிறது, இரண்டாவது அதிலிருந்து ஏறக்குறைய 20 வருஷம் கழித்து. 2020-இல் வந்த ஹாஃப்-லைஃப்: அலிக்ஸ், இரண்டாவது ஆட்டத்துக்கு 5 வருஷம் முந்தைய கதை. ஊர் கிழக்கு ஐரோப்பா. எந்த நாடு என்று சொல்லவில்லை.

வரைபடமேசை:

தம்பி, மேலே நண்பர் சொன்ன கணக்கு சரியானது. ஆனால் நீங்கள் கேட்டது அந்தக் கணக்கு ஆட்டத்துக்குள் எங்கே இருக்கிறது என்று. அதைச் சொல்ல எனக்கு ரொம்பப் பிடிக்கும், அதனால் கொஞ்சம் நீளமாகவே எழுதுகிறேன்.

நான் அஸ்தம்பட்டியில் ஒரு பொறியாளர் அலுவலகத்தில் கட்டட வரைபடம் போடுகிறேன். பழைய வீட்டைப் பாதி இடித்து, பாதி வைத்துக் கட்டும் வேலைகள்தான் அதிகம் வரும். செவ்வாய்ப்பேட்டை, குகை பக்கம் டேப்பை எடுத்துக்கொண்டு அளவெடுக்கப் போனால் முதலில் பார்ப்பது எது முன்னால் கட்டியது, எது பின்னால் ஒட்டியது என்பதைத்தான். தேக்கு உத்தரம் போட்ட மெட்ராஸ் டெரஸ் கூரை ஒரு காலம். அதை ஒட்டி கான்கிரீட் ஸ்லாப் போட்ட அறை வேறு காலம். வீட்டுக்காரருக்கே வருஷம் தெரியாது, அப்பா கட்டினார், தாத்தா கட்டினார் என்பார். ஆனால் வரிசை சுவரிலேயே இருக்கும். சிட்டி 17-க்குள் நுழைந்தபோதும் எனக்கு அப்படித்தான் பார்க்கத் தோன்றியது.

அந்த ஊரில் மூன்று காலம் இருக்கிறது. ரயில் நிலையமும் அதைச் சுற்றிய பெரிய கட்டடங்களும் பழைய ஐரோப்பா: வளைவு வாசல், உயர்ந்த ஜன்னல், கல் முகப்பு. அதற்கு மேல் சோவியத் காலம். பார்னி உங்களை அனுப்பியதும் போலீஸ்காரர்கள் துரத்த ஓடுகிறீர்களே, அந்த அடுக்குமாடிகள், முற்றம், பழைய கார்கள் எல்லாம் அந்தக் காலம். இரண்டும் மனிதன் கட்டியவை, ஒன்றுக்கு ஒன்று இடம் விட்டு நிற்கின்றன. மூன்றாவதுதான் காம்பைன், பூமியைப் பிடித்து ஆளும் வேற்றுலகப் படை. கருநீல இரும்பு, எந்தத் தெருவையும் மதிக்காமல் குறுக்கே போகிறது. ஒரு பழைய சுவரோடு புதுச் சுவர் சேரும் இடத்தை நாங்கள் பல் விட்டுக் கட்டுவோம், இல்லையென்றால் ஒரு இணைப்பாவது விடுவோம். காம்பைன் இரும்பு பழைய சுவரோடு சேரவில்லை, அதைக் கடித்துக்கொண்டு நிற்கிறது. கடைசிக் கட்டத்தில் காம்பைனின் ராட்சதக் கோபுரமான சிட்டடல் பக்கம் போகும்போது அந்தச் சுவர்கள் நகர்ந்து கட்டடங்களை நொறுக்குவதை நின்று பாருங்கள்.

இந்த ஊரை வடிவமைத்த கலை இயக்குநர் விக்டர் அன்டோனோவ் பல்கேரியாவின் சோஃபியாவில் பிறந்தவர். 2025-இல் காலமானார். தான் வளர்ந்த மாதிரியான ஊரைத்தான் அவர் எடுத்து, அதன் நடுவில் சிட்டடலை நட்டார். ஆக, நாட்டின் பெயர் ஆட்டத்தில் இல்லை என்றாலும் அந்த ஊருக்கு ஒரு மண் இருக்கிறது. காம்பைன் ஆட்சியில் நாட்டுப் பெயரே எடுபட்டுப்போய் நம்பர்தான் மிச்சம். மக்களை ரயிலில் ஏற்றி ஊர் ஊராக மாற்றிக்கொண்டே இருக்கிறார்கள், காம்பைனுக்காக ஆட்சி செய்யும் ப்ரீன் ரயில் நிலையத் திரையில் வரவேற்றுப் பேசுவதே அதைத்தான். பலகை ஒரு மொழி, பேச்சு ஒரு மொழி என்பதற்கு நான் எடுத்துக்கொள்ளும் காரணம் இதுதான்.

இனி வருஷம். மூன்றாவது காலம் தொடங்கிய பிறகு மனிதன் புதிதாகச் செய்த பொருள் என்று அந்த ஊரில் ஏதாவது கண்ணில் பட்டதா? கார், டிவி பெட்டி, கட்டில், அடுப்பு எல்லாம் பழையவை. ஒரு நாளோடு எல்லாம் நின்றுவிட்டது. ஆனால் கட்டடங்கள் நிற்கின்றன. இங்கேதான் உங்கள் நூறு வருஷம் அடிபடுகிறது. பராமரிக்காமல் விட்ட கான்கிரீட்டில் தண்ணீர் இறங்கி, உள்ளே கம்பி துருப்பிடித்து ஊதி, மேல் கான்கிரீட் பெயர்ந்து விழ 20, 30 வருஷமே போதும். நானே எத்தனையோ ஸ்லாப்புகளில் சுத்தியல் வைத்துத் தட்டிப் பார்த்திருக்கிறேன். பொத்தென்று சத்தம் வரும். சிட்டி 17-இல் பூச்சு பெயர்ந்திருக்கிறது, வண்ணம் உரிந்திருக்கிறது, ஆனால் மாடிப்படி உங்களைத் தாங்குகிறது, மொட்டை மாடி ஓரத்தில் ஓட முடிகிறது. நூறு வருஷம் கவனிக்காமல் கிடந்த ஊரில் அது நடக்காது.

எலை வான்ஸ் முதலில் உங்களைப் பார்த்ததும் என்ன சொல்கிறார்? நீ கொஞ்சம்கூட மாறவில்லையே என்று ஆச்சரியப்படுகிறார். மாறாதது ஃப்ரீமன் மட்டும். மற்றவர்கள் எல்லாம் நரைத்து, தளர்ந்து, அந்தக் காலத்தை நாள் நாளாக வாழ்ந்து வந்தவர்கள். ஜி-மேன் அவர்களைத் தூங்கவைக்கவில்லை. ப்ரீனும் நோவா ப்ராஸ்பெக்ட் என்ற சிறைச்சாலையில் தன் படைகளைத் திட்டும்போது இதைத் தொடுகிறார். ஃப்ரீமன் பயிற்சி பெற்ற கொலையாளி அல்ல, ஒரு இயற்பியல்காரர், இடைப்பட்ட வருஷங்களில் எதையும் கற்றுக்கொள்ள முடியாத நிலையில் இருந்தார் என்கிறார். அந்த ஒரு வாக்கியத்திலேயே அவருக்கு ஜி-மேன் விஷயம் ஏதோ தெரியும் என்று புரிந்துவிடுகிறது. முதல் தடவை ஆடும்போது துப்பாக்கிச் சத்தத்தில் இது காதில் விழாது.

எலையின் மகள் அலிக்ஸ் இன்னொரு சாட்சி. முதல் ஆட்டத்தில் வரும் பிளாக் மேசா சம்பவத்தின்போது அவள் சின்னக் குழந்தை. எலையின் ஆய்வுக்கூடத்தில் குடும்பப் படம் ஒன்று இருக்கிறது: எலை, மனைவி, கைக்குழந்தை. அந்தக் குழந்தைதான் உங்களோடு நோவா ப்ராஸ்பெக்டில் கதவு திறக்கிறாள். இப்போது இருபதுகளின் நடுவில் இருக்கும் பெண். கழித்துப் பாருங்கள், 20 வருஷம் வந்துவிடும். அதே கூடத்தில் செய்தித்தாள் துண்டுகள் ஒட்டிய பலகை ஒன்றும் இருக்கிறது. காம்பைன் பூமியைப் பிடித்த ஏழு மணி நேரப் போர், பூமியின் சரணாகதி எல்லாம் அங்கேதான் தலைப்புச் செய்தியாகத் தொங்குகின்றன. யாரும் உட்கார்ந்து கதை சொல்ல மாட்டார்கள், நாம்தான் போய்ப் படிக்க வேண்டும். நான் அந்தப் பலகை முன்னால் நின்றது சண்டை போட்ட நேரத்தைவிட அதிகமாக இருக்கும்.

தொடக்கத்தின் தேதி மட்டும் வேண்டுமென்றே அழிக்கப்பட்டிருக்கிறது. 1998-இல் வந்த முதல் ஆட்டத்தின் கையேட்டில் ஃப்ரீமனுக்கு வந்த வேலைக் கடிதம் அச்சாகியிருக்கும். மாதம் மே, வருஷம் 200 என்று போட்டுக் கடைசி இலக்கத்தில் ஒரு கோடு. அந்தக் கோட்டை நிரப்பப் பல பேர் பல வருஷமாகச் சண்டை போடுகிறார்கள். எனக்கு அந்தக் கோடு அப்படியே இருப்பதுதான் நியாயமாகப் படுகிறது. ரயில் நிலையத்தில் ஒருவர் தண்ணீர் குடிக்காதே, மறக்க வைக்க அதில் எதையோ கலக்கிறார்கள், நான் எப்படி இங்கே வந்தேன் என்றே நினைவில்லை என்கிறார் அல்லவா? ப்ரீன் அவ்வளவு பேசுகிறார், ஒரு இடத்திலும் தேதி சொல்வதில்லை. அந்த ஊர் மக்களுக்கே வருஷம் தெரியாது. அதை நமக்கு மட்டும் சொல்லியிருந்தால் நாம் வெளியே நின்று வேடிக்கை பார்ப்பவர்களாகி இருப்போம்.

கன்னங்குறிச்சிக்காரன்:

அண்ணா, இவ்வளவு பொறுமையாக எழுதியதற்கு நன்றி. அந்தச் செய்தித்தாள் பலகையை நான் பார்க்கவே இல்லை, க்ராவிட்டி துப்பாக்கி கிடைத்த சந்தோஷத்தில் ஓடிவிட்டேன். இன்றைக்கே பழைய சேவ் ஃபைலைத் திறந்து போகிறேன்.

இரண்டு சந்தேகம் மட்டும். கடல் விஷயம் இன்னும் இடிக்கிறது. இரண்டாவது, நோவா ப்ராஸ்பெக்டில் டெலிபோர்ட் கருவியில் ஏறி க்ளைனரின் ஆய்வுக்கூடத்துக்கு வந்தால் ஊர் முழுக்கப் போர் நடக்கிறது. நடுவில் என்ன ஆனது? எனக்கு ஒரு நொடிதான் போனது.

இன்னொன்று, கேள்வி இல்லை, சும்மா சொல்கிறேன். அந்த அடுக்குமாடி பக்கத்தில் குழந்தைகள் விளையாடும் இடம் ஒன்று இருக்கிறது. பொம்மை ஒன்று கிடந்தது. அதை எடுத்துப் பார்த்துவிட்டு வைத்தேன். ஆட்டம் முழுக்க ஒரு குழந்தையைக்கூடப் பார்க்கவில்லை.

பண்ணவாடிப்பரிசல்:

கடல் பற்றி நான் சொல்லலாமா? எங்கள் ஊர் மேட்டூர் அணையின் நீர்ப்பிடிப்புப் பகுதி. ஸ்டான்லி நீர்த்தேக்கம் 1934-இல் கட்டி முடித்தது, முழு நீர்மட்டம் 120 அடி. அணை கட்டும்போது மூழ்கிய ஊர்களின் கோயிலும் தேவாலயமும் இன்னும் உள்ளே இருக்கின்றன. நீர் நன்றாக இறங்கினால் பண்ணவாடியில் ஜலகண்டேஸ்வரர் கோயில் நந்தியும் தேவாலயத்தின் கோபுரங்களும் வெளியே வந்துவிடும். தம்பி, அது இறங்க வருஷக் கணக்கு ஆகாது. மழை பொய்த்து, கீழே பாசனத்துக்குத் திறந்துவிட்டால் ஒரே பருவத்தில் பரிசல் ஓடிய இடத்தில் ஆடு மேயும். படகுத்துறை இங்கே, தண்ணீர் அங்கே என்று ஆகிவிடும். நீங்கள் சொன்ன நெடுஞ்சாலை 17 கரையை முதன்முதலில் பார்த்தபோது எனக்கு எங்கள் கரைதான் தெரிந்தது, வயிற்றைப் பிசைந்தது.

நீர் தானாக வற்றியதா, எவனோ எடுத்தானா என்பதுதான் கேள்வி. தானாக என்றால் நூறு, ஆயிரம் வருஷம். எடுக்க ஆள் இருந்தால் வேறு கணக்கு.

வரைபடமேசை:

பண்ணவாடிக்காரர் சரியான இடத்தைப் பிடித்தார். காம்பைன் பூமிக்கு வந்தது குடியிருக்க இல்லை, எடுத்துப் போக. மனிதர்களைக்கூட உருமாற்றிப் படையாளாகவும் அடிமையாகவும் எடுத்துக்கொள்கிறார்கள், சிட்டடலுக்குள் ஸ்டாக்கர்கள் என்ற அந்த அடிமைகளைப் பார்த்தீர்கள் அல்லவா? கடலை உறிஞ்சினோம் என்று யாரும் வசனம் பேசவில்லை, ஆனால் கரை அப்படித்தான் படிக்க வைக்கிறது. உறிஞ்சுபவன் அவ்வளவு பெரியவன் என்றால் 20 வருஷம் தாராளம். கரை மணலில் ஆன்ட்லயன்கள் என்ற பெரிய பூச்சிகள் இருப்பதையும் சேர்த்துப் பாருங்கள். அவை ஸென் என்ற வேற்றுலகம் வழியாக வந்தவை. பிளாக் மேசாவில் அந்த உலகத்துக்கு வாசல் திறந்த பிறகு வீசிய போர்ட்டல் புயல்களில் அந்தப் பிராணிகள் பூமியெங்கும் கொட்டின. மக்கள் நகரங்களுக்கு ஓடினார்கள். அதன் பிறகுதான் காம்பைன் வந்தது, ஏழு மணி நேரத்தில் எல்லாம் முடிந்தது. பிளாக் மேசாவின் நிர்வாகியாக இருந்த ப்ரீன் சரணாகதி பேசி முடித்து நாற்காலியில் உட்கார்ந்தார். ஏற்கெனவே புயலில் பாதி உடைந்துபோன உலகத்தைத்தான் அவர்கள் அடித்தார்கள். அந்த ஏழு மணி நேரத்தை நம்ப முடிவது இந்த வரிசையால்தான்.

டெலிபோர்ட் விஷயம் எளிது. உங்களுக்கு ஒரு நொடி, ஊருக்கு ஒரு வாரம். க்ளைனரே சொல்வார், நோவா ப்ராஸ்பெக்டில் நீங்கள் அடித்த அடியையே மக்கள் கிளர்ச்சிக்கான அழைப்பாக எடுத்துக்கொண்டார்கள் என்று. அதைத் தவிர இரண்டாவது ஆட்டத்தின் கதை சில நாள்தான். பகலில் கால்வாய், ராத்திரி ரேவன்ஹோம், அடுத்த பகல் நெடுஞ்சாலை, மறுபடி இருட்டும்போது சிறைச்சாலை. வெளிச்சத்தைப் பார்த்தே நாளை எண்ணலாம். ஃப்ரீமன் முதலில் 20 வருஷத்தை இழக்கிறார், பிறகு ஒரு வாரத்தை இழக்கிறார், இரண்டு தடவையும் அவரைக் கேட்காமலே.

இப்போது அந்தப் பொம்மை. நீங்கள் அதைக் கேள்வி இல்லை என்றீர்கள், ஆனால் உங்கள் முதல் கேள்விக்கு மிக உறுதியான பதில் அதுதான். ரயில் நிலையத்து வெளியே உள்ள சதுக்கத்தில் பெரிய திரையில் ப்ரீன் ஒரு கடிதத்துக்குப் பதில் சொல்வார். எங்கள் இனப்பெருக்கத்தை ஏன் தடுத்தீர்கள் என்று ஒரு குடிமகன் கேட்ட கடிதம். சிட்டடலிலிருந்து வரும் ஒடுக்குமுறைப் புலம் மனிதர்களுக்குக் குழந்தை பிறக்காமல் செய்திருக்கிறது. அப்படியென்றால் அலிக்ஸ் வயதுக்காரர்கள்தான் பூமியின் கடைசித் தலைமுறை. அவர்களுக்குப் பின்னால் வரிசையில் யாரும் இல்லை. யோசியுங்கள் தம்பி, போர் முடிந்து நூறு வருஷம் ஆகியிருந்தால் அந்தத் தெருவில் உங்களோடு ஓட ஒரு மனிதன் மிச்சம் இருந்திருக்க மாட்டான். கிளர்ச்சிக்காரர்கள் கூட்டத்தில் பிஞ்சு முகம் ஒன்றுகூட இல்லை, எல்லாரும் வளர்ந்தவர்கள். காலக்கணக்கு அந்த முகங்களிலேயே இருக்கிறது. இவ்வளவு கொடூரமான விஷயத்தை ஒரு ஊஞ்சலையும் ராட்டினத்தையும் வைத்துவிட்டு வேறெதுவும் சொல்லாமல் நகர்ந்திருக்கிறார்கள். நான் இந்த ஆட்டத்தை நேசிப்பதற்கு இந்த இடம் போதும். எனக்கு மகள் பிறந்த பிறகு மறுபடி ஆடியபோது அந்த முற்றத்தைத் தாண்டவே நேரம் பிடித்தது.

ஒடுக்குமுறைப் புலம் என்ன ஆகிறது என்பது எபிசோட் ஒன்னில் வரும். உடைக்க மாட்டேன். தெருத் திரைகளில் க்ளைனர் பேசும் கட்டம் வந்தால் மட்டும் ஓடாமல் நின்று முழுதாகக் கேளுங்கள்.

ஆடும் வரிசை: வெளிவந்த வரிசையிலேயே போங்கள். முதல் ஆட்டத்தை இன்னும் ஆடவில்லை என்றால் அது முதலில். அதன் துணைக் கதைகளான அப்போசிங் ஃபோர்ஸ் 1999, ப்ளூ ஷிஃப்ட் 2001, இரண்டும் பிளாக் மேசாவின் அதே சம்பவத்தை வேறு ஆட்களின் கண்ணில் காட்டுபவை. ப்ளூ ஷிஃப்டில் நீங்கள்தான் பார்னி. பிறகு 2006-இன் எபிசோட் ஒன், 2007-இன் எபிசோட் டூ. 2024 நவம்பரில் 20-ஆம் ஆண்டு நிறைவுக்கு, ஆட்டத்தை உருவாக்கிய வால்வ் நிறுவனம் விட்ட அப்டேட்டில் இரண்டையும் ஹாஃப்-லைஃப் 2-க்குள்ளேயே சேர்த்துவிட்டார்கள், அதனால் உங்கள் மெனுவிலேயே இருக்கும், தனியாக வாங்க வேண்டாம். அதே அப்டேட்டில் உருவாக்கியவர்களின் விளக்க உரையும் ஓடும். முதல் தடவை அதை அணைத்து வையுங்கள்.

கதைப்படி ஹாஃப்-லைஃப்: அலிக்ஸ் ஆட்டம் முன்னால் வந்தாலும் அதைக் கடைசிக்கு வைத்துக்கொள்ளுங்கள். அதன் முடிவு எபிசோட் டூவின் முடிவைத் தெரிந்தவருக்குத்தான் அர்த்தப்படும். அதற்கு விஆர் ஹெட்செட் வேண்டும். உங்கள் கம்ப்யூட்டரில் இப்போதைக்கு ஓடாது. மாமா பையனிடம் இருந்தால் ஏற்காட்டுக்கு பஸ் ஏறிவிடுங்கள்.

கன்னங்குறிச்சிக்காரன்:

அவனிடம் ஹெட்செட் இல்லை அண்ணா, கேட்டுவிட்டேன். மெனுவில் எபிசோட் ஒன் இருக்கிறது. பலகையையும் பார்த்தாயிற்று. சரணடைந்த செய்திக்கு மேல் தேதி தெரிகிறதா என்று முகத்தை ஒட்டி நின்று பார்த்தேன், எழுத்து மங்கலாகத்தான் இருக்கிறது. சதுக்கத்தில் ப்ரீன் பேச்சை இந்தத் தடவை முழுதாகக் கேட்டேன். பக்கத்தில் நின்ற ஒருவர்கூடத் திரையை நிமிர்ந்து பார்க்கவில்லை.